"கதை எங்கை?" எண்டு கேக்கிற எங்கட குறும்பட விழாக்காரருக்கு ஒரு திறந்த மடல்

வணக்கம்.

பாரிசிலையும் சுத்துவட்டார ஊருகளிலையும் வருசாவருசம் தமிழ்க் குறும்பட விழா, போட்டி எண்டு சொந்தக் காசைப் போட்டு, மண்டபம் எடுத்து, சண்டை சச்சரவெல்லாம் தாங்கி நடத்துற அண்ணைமார் அக்காமார், நடுவராய் வந்து இருக்கிறவை, விளம்பரம் தந்து உதவுற கடைக்கார ஆக்கள் எல்லாருக்கும் சேத்துத்தான் இதை எழுதுறன். ஒராளைக் குறிவைச்சு எழுதேல்லை, அதாலை ஒருத்தற்றை பேரும் இதுக்குள்ளை வராது.

நான் கலியாணவீடு சாமத்தியவீடு எடுக்கிற வீடியோக்காரன். 19 வருசமா இதுதான் தொழில். சனி ஞாயிறு எண்டால் எங்கையாவது ஒரு மண்டபத்திலை ட்ரைபொட்டோடை நிப்பன், திங்கள் செவ்வாய் எடிட்டிங், மிச்ச நாள் எனக்கு. அந்த மிச்ச நாளிலைதான் நான் பாரிசிலை எங்கட தமிழ்க் கடையள் இருக்கிற லா சப்பலுக்குப் போய் நிக்கிறனான், ஒருத்தரும் கூப்பிடாமல், ஒருத்தரும் காசு தராமல், ஏன் நிக்கிறன் எண்டு எனக்கே வடிவா விளங்காமல் முதல் ரெண்டு வருசம் நிண்டனான்.

போன வருசம் ஒரு போட்டிக்கு 22 நிமிசப் படம் ஒண்டு அனுப்பினன். லா சப்பல்லை ஒரு மரக்கறிக் கடை. காலமை ஷட்டர் தூக்கிறதிலை துவங்கி இரவு இறக்கிற வரைக்கும். நாலு மாசம், கிழமைக்கு ரெண்டு நாள் போய் நிண்டு எடுத்தது. கதாபாத்திரம் எண்டு ஒண்டும் இல்லை, பின்னணி இசை இல்லை, ஒருத்தரும் அழேல்லை, ஒருத்தரும் சாகேல்லை. பதில் ஒரு வரியிலை வந்தது. ஒளிப்பதிவு நல்லாய் இருக்கு, ஆனா கதை எங்கை?

கோவத்திலை இதை எழுதேல்லை. பரிசு கிடைக்கேல்லை எண்ட கவலையும் இல்லை. அந்தக் கேள்விதான் எனக்குள்ளை கிடந்து குடையுது, ஏனெண்டால் அது என்ரை படத்துக்கு மட்டும் வந்த கேள்வி இல்லை, எங்கட பெடியள் பெட்டையள் ஆராவது கமெராவைத் தூக்கிக்கொண்டு ரோட்டுக்குப் போனால் அடுத்த நிமிசம் வாற கேள்வி. ஸ்கிரிப்ட் எங்கை, ஹீரோ ஆர், கடைசியிலை என்ன மெசேஜ். அந்தப் பிள்ளை திரும்பி வந்து துவக்குக் கதை ஒண்டு எழுதும், இல்லாட்டி காதல் தோல்வி. ரோடு அப்பிடியே கிடக்கும்.

அந்தக் கடையிலை நான் என்ன பாத்தனான் எண்டு கொஞ்சம் சொல்லுறன். கடைக்கார அக்கா வலக்கைக் கிளவுஸிலை பெருவிரலையும் சுட்டுவிரலையும் மட்டும் வெட்டி விட்டிருக்கிறா. மார்கழிக் குளிரிலை வல்லாரைப் பெட்டியைத் திறந்து, தண்ணியிலை அலசி, மஞ்சளாய்ப் போன இலையை அந்த ரெண்டு விரலாலை நுள்ளி எறிஞ்சு, பிடி பிடியாய் எடுத்து றப்பர் பாண்ட் போடுறா. தராசு பக்கத்திலைதான் கிடக்கு, அதைத் திரும்பிப் பாக்கிறதே இல்லை. கிளவுஸ் முழுசாய் இருந்தால் இலை தட்டுப்படாது, கிளவுஸ் இல்லாட்டி விரல் விறைச்சுப் போகும். அந்த வெட்டு எந்த இடத்திலை இருக்க வேணும் எண்டு கண்டுபிடிக்க எத்தினை மாரிகாலம் போயிருக்கும் எண்டு கேட்டன். "மூண்டு" எண்டா, நிமிந்தும் பாக்காமல். இது 40 செக்கன் ஷொட். இதுக்குள்ளை கதை இல்லை எண்டால் எனக்குக் கதை எண்டால் என்னெண்டு விளங்கேல்லை.

சரி, நான் சொல்ல வந்தது வேறை ஒராளைப் பற்றி.

அன்யேஸ் வர்தா எண்டு பிரான்சிலை படம் எடுத்த ஒரு அம்மா. தமிழிலை கனபேர் ஆக்னஸ் வர்தா எண்டு எழுதுவினம். 1928இலை பெல்ஜியத்திலை பிறந்தவா, தகப்பன் கிரேக்கர், தாய் பிரெஞ்சு. 1940இலை சண்டை வர குடும்பத்தோடை வெளிக்கிட்டு பிரான்சின்ரை தெற்குப் பக்கம், செத் எண்ட துறைமுக ஊரிலை ஒரு படகிலை குடியிருந்தவை. சண்டைக்கு ஓடி வந்து கரையிலை வீடில்லாமல் படகிலை இருந்த பிள்ளை எண்டு வாசிச்ச உடனை எனக்கு அவா பிறத்தி ஆளாய்த் தெரியேல்லை. பிறகு பாரிசுக்கு வந்து, போட்டோகிராஃபர் ஆகி, 1951இலை 14ஆம் வட்டாரத்திலை தாகேர் வீதியிலை ஒரு இடத்தை எடுத்து, 2019 மார்ச்சிலை 90 வயசிலை கண்ணை மூடும் வரைக்கும் அந்த வீதியிலைதான் இருந்தவா. தன்ரை முதல் போட்டோக் கண்காட்சியையும் 1954இலை அந்த வீட்டு முத்தத்திலைதான் வைச்சவா.

எனக்கு அவாவைக் காட்டித் தந்தது நூலகத்திலை இரவல் எடுத்த ஒரு டிவிடி. மகளுக்குக் கார்ட்டூன் எடுக்கப் போன இடத்திலை, அட்டையிலை ஒரு பழைய கடைக் கண்ணாடியின்ரை படம் இருந்ததாலை எடுத்தனான். படத்தின்ரை பேர் தாகேரியோடீப், 1975இலை எடுத்தது. அண்டிரவு தனிய இருந்து பாத்து முடிச்சு, திரும்ப முதலிலையிருந்து போட்டு விடியும் வரைக்கும் பாத்தனான்.

அந்தப் படம் எப்பிடி உண்டானது எண்டதை நீங்கள் எல்லாரும் கேக்க வேணும். அப்ப அவாவுக்கு ரெண்டு வயசு மகன். பிள்ளையை விட்டிட்டுத் தூரப் போய் ஷூட்டிங் செய்ய ஏலாது, அதுக்காக வீட்டுக்குள்ளை சும்மா இருக்கவும் ஏலாது. என்ன செய்தா தெரியுமோ, தன்ரை வீட்டு மீற்றரிலையிருந்து ஒரு கரண்ட் கேபிள் இழுத்தா, எண்பது தொண்ணூறு மீற்றர் வரும், அந்தக் கேபிள் எங்கை மட்டும் எட்டுதோ அங்கை மட்டும்தான் படம் எண்டு முடிவெடுத்தா. அதைத் தன்ரை தொப்புள்கொடி எண்டும் சொன்னவா. கேபிள் எட்டின தூரத்துக்குள்ளை என்ன இருந்தது? பாண் போடுறவர், இறைச்சிக் கடை, தையல்காரர், தலைமயிர் வெட்டுற கடை, கார் பழக்கிற பள்ளிக்கூடம், சென்ட் விக்கிற ஒரு வயசுபோன சோடி. அவ்வளவுதான், எங்கட சந்தியிலை இருக்கிற மாதிரித்தான். கமெரா பிடிச்சது நூரித் அவிவ் எண்ட இன்னொரு பெண். இந்த ரெண்டு பேரும் கடைக்குள்ளை போய் ஒரு மூலையிலை நிக்கினம், சனம் வருது, ஒரு பாண் வாங்குது, காசு எண்ணுது, போகுது. கதவு மணி அடிக்குது. திரும்பச் சனம் வருது.

கேள்வியும் கேக்கிறா. எந்த ஊரிலையிருந்து வந்தனீங்கள், எப்ப வந்தனீங்கள், மனிசியை எங்கை சந்திச்சனீங்கள், இரவிலை என்ன கனவு காணுறனீங்கள். அவ்வளவு எளிமையான கேள்வியள். அதிலை பாருங்கோ, பாரிஸ்காரர் எண்டு நாங்கள் நினைக்கிற அந்தக் கடைக்காரர் கனபேர் எங்கையோ தூரத்துக் கிராமத்திலையிருந்து பிழைக்க வந்தவை. ஊர்ப்பேரைச் சொல்லேக்கை அவையின்ரை முகம் மாறுறதைப் பாக்க வேணும். "ஊரிலை எவடம்?" எண்டு கேட்டால் எங்கட கடைக்கார அண்ணையின்ரை முகம் மாறுமே, அதே மாற்றம்.

பிறகு அந்தக் கடைக்காரர் எல்லாரும் ஒரு பின்னேரம் கபே ஒண்டிலை ஒரு வித்தைக்காரற்றை மஜிக் பாக்க வருகினம். அவர் கையிலை கத்தி எடுக்கிறார், உடனை இறைச்சிக் கடைக்காரற்றை கத்தி வருது. அவர் காசை மறைக்கிறார், உடனை கல்லாப்பெட்டியிலை காசு விழுது. எடிட்டிங்காலை மட்டும் அந்தக் கடை வேலை எல்லாத்தையும் ஒரு வித்தையாய் ஆக்கிப் போடுறா. நான் எடிட் பண்ணுறவன், எனக்கு அது எவ்வளவு கஷ்டம் எண்டு தெரியும். சாமத்தியவீட்டு வீடியோவிலை பூ விழுற எஃபெக்ட் போடுற எனக்கு, ஒரு எஃபெக்ட்டும் போடாமல் ரெண்டு ஷொட்டைப் பக்கத்திலை வைச்சே இவ்வளவு செய்யலாம் எண்டு அண்டைக்குத்தான் தெரிஞ்சது.

அந்தப் பேரைப் பற்றியும் சொல்ல வேணும். வீதியின்ரை பேர் தாகேர். லூயி தாகேர் எண்டவர் 1839இலை உலகத்துக்கு அறிவிச்ச போட்டோ முறைக்குத்தான் தாகேரியோடீப் எண்டு பேர். அதுக்கு முதல் வருசம், 1838இலை, அவர் இதே பாரிசிலை புல்வார் து தாம்ப்ல் எண்ட பெரிய ரோட்டை ஒரு மேல்மாடி யன்னலிலையிருந்து எடுத்தார். பகல் நேரம், சனமும் வண்டிலும் குதிரையும் போற ரோடு. ஆனா போட்டோவிலை ரோடு வெறிச்சோடிக் கிடக்கும். அந்தக் காலத்திலை ஒரு படம் பதியக் கன நிமிசம் பிடிக்கும், அதாலை நடந்து போன ஒருத்தரும் பதியேல்லை. ஒராள் மட்டும்தான் மூலையிலை வடிவாத் தெரியிறார். சப்பாத்து மினுக்கிறதுக்குக் காலைத் தூக்கி வைச்சுக்கொண்டு அசையாமல் நிண்டவர். நகரத்திலை எடுத்த படத்திலை மனிசர் முதன்முதல் பதிஞ்சது அவர்தான் எண்டு சொல்லுவினம். அந்தப் போட்டோவை நான் ஃபோனிலை வைச்சிருக்கிறன். லா சப்பல்லை நிக்கேக்கை அடிக்கடி எடுத்துப் பாப்பன். எங்கட ரோட்டாலையும் ஆயிரக்கணக்கிலை சனம் போகுது, மெத்ரோவுக்கு ஓடுது, தலைக்கு மேலை ரெண்டாம் நம்பர் மெத்ரோ பாலத்திலை கடகட எண்டு போகுது. அசையாமல் நிக்கிறது ஆர்? கடைக்குள்ளை நிக்கிற ஆக்கள்தான், காலமை எட்டு மணியிலையிருந்து இரவு ஒன்பது மட்டும். அவை பதிய வேணும்.

அந்தப் படத்திலை சென்ட் கடை அம்மா ஒராள் இருக்கிறா. அவாவாலைதான் நான் விடியும் வரைக்கும் பாத்தனான். வயசுபோய் ஞாபகம் தட்டுப்பட்ட ஆள், மனிசன்தான் கடையைப் பாக்கிறார், இவா சும்மா நிப்பா, ஒண்டும் கதைக்க மாட்டா. ஆனா பொழுதுபடேக்கை, வெளியிலை லைற் எரியத் துவங்கேக்கை, இவா மெல்ல மெல்லக் கதவடிக்கு வந்து எங்கையோ வெளிக்கிட்டுப் போகப் போற மாதிரி நிப்பா. பிறகு திரும்புவா. ஒவ்வொரு நாளும். வர்தா அதை விளங்கப்படுத்தேல்லை, வைத்தியரைக் கூப்பிட்டுப் பேட்டி எடுக்கேல்லை, வயலின் போடேல்லை. அந்த முகத்தைக் கன நேரம் பாத்துக்கொண்டு நிக்கிறா.

என்ரை அம்மம்மா ஊரிலை கடைசிக் காலத்திலை அப்பிடித்தான். விளக்கு வைக்கிற நேரம் வந்தால் காணும், சீலைத் தலைப்பை இடுப்பிலை செருகிக்கொண்டு படலையடிக்கு வந்து "வீட்டை போவம், நேரம் போட்டுது" எண்டுவா. நிக்கிறது சொந்த வீட்டிலை. அம்மா கையைப் பிடிச்சுக் கூட்டிக்கொண்டு வந்து இருத்துவா, பத்து நிமிசத்திலை திரும்பப் படலையடியிலை நிப்பா. நாங்கள் சின்னப் பிள்ளையள், அதைப் பாத்துச் சிரிச்சிருக்கிறம். இப்ப நினைச்சால் நெஞ்சு அடைக்குது. பாரிசிலை 1975இலை ஒரு சென்ட் கடையிலை நிண்ட அம்மாவையும் எங்கட ஊர்ப் படலையையும் ஒரு வரி வசனம் இல்லாமல் ஒண்டாய்க் கொண்டந்து விட்ட படத்தைப் பாத்து ஒரு நடுவர் கதை எங்கை எண்டு கேட்டிருந்தால் என்ன நடந்திருக்கும் எண்டு யோசிச்சுப் பாருங்கோ.

நீங்கள் சொல்லுவியள், அவா பெரிய ஆள், ஒஸ்கார் எல்லாம் வாங்கினவா, அவாவோடை எங்கட பெடியளை ஒப்பிடலாமோ எண்டு. ஒஸ்கார்க்காரர் அவாவுக்குக் கௌரவ விருது குடுத்தது 2017இலை, 89 வயசிலை. அதுக்கு 59 வருசத்துக்கு முதல், 1958இலை, அவா வயித்திலை பிள்ளையோடை மூஃப்தார் வீதிச் சந்தையிலை ஒரு மடக்குக் கதிரையைக் கொண்டுபோய் வைச்சு அதிலை ஏறி நிண்டு சின்ன 16 எம்எம் கமெராவாலை எடுத்துக்கொண்டிருந்தவா. முதல் சில நாள் சனம் பாத்ததாம், பிறகு மரக்கறி விக்கிற ஆக்களை மாதிரி இவாவும் சந்தையிலை ஒராள் எண்டு விட்டிட்டுதாம். குடிகாரர், வயசுபோனவை, வறிய சனம், அவையின்ரை நடை, அவையின்ரை சளி பிடிச்ச மூக்கு. பிள்ளைத்தாச்சி ஒருத்தி அதைப் பாக்கேக்கை அவாவுக்குள்ளை என்னென்ன ஓடியிருக்கும் எண்டதுதான் அந்தப் படம். 17 நிமிசம்தான். உங்கட போட்டி விதியிலை குறும்படத்துக்கு நேர எல்லை போட்டிருக்குத்தானே, நேரத்தாலை அது பாஸ்.

2000ஆம் ஆண்டிலை வந்த ஒரு படத்துக்காக, எழுபதைத் தாண்டின வயசிலை, கைக்குள்ளை அடங்கிற டிஜிட்டல் கமெரா ஒண்டை எடுத்துக்கொண்டு, மிஞ்சினதைப் பொறுக்கிற ஆக்களைத் தேடித் திரிஞ்சா. அறுவடை முடிஞ்ச வயலிலை உருளைக்கிழங்கு பொறுக்கிறவை, பாரிசிலை சந்தை கலைஞ்ச பிறகு நிலத்திலை கிடக்கிறதைப் பொறுக்கித் தின்னுறவை. அதிலை ஒரு மனிசன் சந்தையிலை குனிஞ்சு இலை தழையை எடுத்து அங்கையே சாப்பிடுறார். அவா உடனை மேலை விழுந்து கேக்கேல்லை, கன தரம் பாத்துப் பாத்துப் பிறகுதான் கதைச்சுப் பழகுறா. பாத்தால் அவர் பட்டப்படிப்பு முடிச்சவர், ரோட்டிலை பத்திரிகை விக்கிறவர், இரவிலை தான் இருக்கிற விடுதியிலை வெளிநாட்டிலையிருந்து வந்த ஆக்களுக்குச் சும்மா பிரெஞ்சு படிப்பிக்கிறார், ஒரு சதம் வாங்காமல். அந்த வகுப்பைக் காட்டேக்கை நான் கதிரையை விட்டு எழும்பிட்டன். அப்பிடியொரு வகுப்பிலைதான் நானும் பிரெஞ்சு படிச்சது, கரும்பலகையிலை ஒரு மனிசன் பொறுமையாய்த் திரும்பத் திரும்ப எழுதிக் காட்ட. அவர் சாப்பிட்டிட்டு வந்தவரோ எண்டு நான் ஒருநாளும் நினைச்சுப் பாக்கேல்லை.

அதே படத்திலை கமெராவை நிப்பாட்ட மறந்து நடந்து போகேக்கை லென்ஸ் மூடி கயித்திலை ஆடுறது பதிஞ்சு போச்சு. நாங்கள் எண்டால் டிலீட். அவா அதுக்கு ஜாஸ் மியூசிக் போட்டு லென்ஸ் மூடியின்ரை நடனம் எண்டு படத்துக்குள்ளை வைச்சா. ஒரு கையாலை மற்றக் கையை எடுக்கிறா, தோல் சுருங்கி, புள்ளி புள்ளியாய், கிழடு தட்டின கை. கலியாணவீட்டிலை நாங்கள் ஆச்சிமாரின்ரை கையை எடுக்கிறது வளையலைக் காட்ட மட்டும்தான்.

2003இலை வெனிஸ் கலைக் கண்காட்சிக்கு உருளைக்கிழங்கு வேசம் போட்டுக்கொண்டு போனவா, முளைவிட்ட கிழங்கையும் இதயம் மாதிரி வடிவான கிழங்கையும் மூண்டு திரையிலை காட்டி, கீழை உண்மையான கிழங்கைக் கொட்டி வைச்சு. 75 வயசிலை காட்சிக்கலை எண்டு ஒரு புதுத் தொழில் துவங்கின மாதிரி. 2006இலை பாரிசிலை ஒரு கண்காட்சியிலை குடில் ஒண்டு கட்டினா. 1966இலை அவா எடுத்து ஓடாமல் போன ஒரு படம் இருக்கு. அந்தப் படத்தின்ரை பழைய பிலிம் ரீலுகளை எடுத்து, சுவராய்த் தொங்கவிட்டு, வெளிச்சம் அதுக்குள்ளாலை வாற மாதிரி. சனம் அந்தத் தோத்த படத்துக்குள்ளை போய் நிண்டு பாத்தது. என்னட்டை 14 ஹார்ட் டிஸ்க் நிறைய, ஆரும் கேக்காத காட்சியள் கிடக்கு. மண்டபத்துக்கு வெளியிலை சிகரெட் பத்திக்கொண்டு ஊர்க் காணிப் பிரச்சினை கதைக்கிற ஆம்பிளையள், சமையல்கட்டிலை முந்நூறு பேருக்கு மரக்கறி வெட்டுற அக்காமார், நித்திரையாய்ப் போன பிள்ளையளை மூண்டு கதிரை சேத்துப் படுக்க வைச்சிருக்கிறது. கலியாணகாரர் இதுகளை வேண்டாம் எண்டுவினம், நான் அழிக்கிறதில்லை.

இனி லா சப்பலுக்கு வாறன். உங்களுக்குத் தெரியாததில்லை, ஆனா ஒருக்கா சேர்ந்து நினைச்சுப் பாப்பம். எண்பதுகளிலையிருந்து எங்கட சனம் வந்து, கார் து நோர் ஸ்டேசனுக்குப் பின்பக்கம் ஃபோபூர் சென்-துனி வீதியிலையும் அதைச் சுத்தின சின்ன ரோட்டுகளிலையும் ஒவ்வொரு கடையாய்ப் போட்டுது. பிள்ளையார் கோயில் 1985இலை வந்தது. 2001இலை நான் வரேக்கை கசெற் கடையள், டெலிபோன் கார்ட் கடையள், கண்ணாடிப் பெட்டிக்குள்ளை நிண்டு அழுதழுது ஊருக்குக் கதைக்கிற சனம், அந்தப் பெட்டிக்கு வெளியிலை வரிசையிலை நிக்கிற ஆக்கள் கேக்காத மாதிரி அங்காலை பாத்துக்கொண்டு நிக்கிறது. அதெல்லாம் இப்ப இல்லை. அந்தக் கண்ணாடிப் பெட்டி ஒண்டின்ரை ஒரு போட்டோ கூட என்னட்டை இல்லை, அப்ப எனக்கு அது படம் எடுக்கிற சாமான் எண்டு தெரியாது. இதுதான் என்ரை பெரிய மனவருத்தம், வேறை ஒண்டும் இல்லை.

இப்ப முதல் தலைமுறைக் கடைக்காரர் எழுபதைத் தொடுகினம். பிள்ளையள் டொக்டர், எஞ்சினியர், வங்கியிலை வேலை, கடைக்கு வர மாட்டினம், வர வேணும் எண்டு பெற்றாரும் நினைக்கேல்லை. வாடகை ஏறுது. ஒரு கடை பூட்டினால் அடுத்த மாசம் அதிலை வேறை என்னவோ வரும், முந்தி என்ன இருந்தது எண்டு ஒருத்தருக்கும் ஞாபகம் இருக்காது. தேருக்கு எத்தினை கமெரா வருது பாருங்கோ, ஆவணி கடைசியிலை ரோட்டிலை தேங்காய் உடைக்கிறதை உலகம் முழுக்கப் பாக்குது. தேர் முடிஞ்ச அடுத்த நாள் காலமை அந்தத் தேங்காய்ச் சிரட்டையைக் கூட்டி அள்ளுற ஆளை ஆர் எடுத்தது?

உங்களிலை ஒராள் என்னட்டை நேரை சொன்னவர், எங்கட சனத்தின்ரை போராட்டத்தை, இழப்பைச் சொல்லுற படம்தான் இப்ப தேவை, கடை கண்ணியைக் காட்டிக்கொண்டு இருக்க நேரம் இல்லை எண்டு. அந்த அண்ணை மனசாரச் சொன்னவர், அவரிலை எனக்கு மரியாதை இருக்கு. 2015இலை தீபன் படத்துக்குக் கான் திரைப்பட விழாவிலை தங்கப்பனை விருது குடுக்க, எங்கட ஷோபாசக்தி அதிலை நடிச்சதைப் பாத்து நானும் அழுதனான். ஆனா அண்ணை, அந்த மரக்கறிக் கடை அக்காவிட்டை வர்தா கேட்ட அதே கேள்வியை நானும் கேட்டன். எந்த ஊர், எப்ப வந்தனீங்கள். அவா வல்லாரைக்கு றப்பர் பாண்ட் போட்டுக்கொண்டே சொன்னா, மூண்டு நாட்டுக்குள்ளாலை வந்த கதை, வழியிலை பிரிஞ்ச தம்பி, இண்டைக்கும் கடைக் கதவு மணி அடிச்சால் ஒரு செக்கன் தம்பியோ எண்டு நிமிந்து பாக்கிறது. நீங்கள் தேடுற இழப்பு அங்கை றப்பர் பாண்டுக்கும் வல்லாரைக்கும் நடுவிலை கிடக்கு. அவாவை அழச் சொல்லத் தேவையில்லை, மணி அடிக்கேக்கை நிமிர்ற தலையை எடுத்தால் காணும். அது என்ரை படத்திலை நாலு இடத்திலை வருது. சத்தத்தைக் கூட்டி வைச்சுப் பாத்திருந்தால் மணிச் சத்தம் கேட்டிருக்கும்.

அதுக்காக எல்லாரும் போய்க் கடைக்குள்ளை கமெராவை நீட்டச் சொல்லேல்லை. எங்கட சனத்துக்குக் கமெரா எண்டால் பயம், நியாயமான பயம். விசா இல்லாமல் பின்பக்கம் பாத்திரம் கழுவுற பெடியன் ஃப்ரேமுக்குள்ளை வந்தால் அவன்ரை வாழ்க்கை போச்சு. இந்த நாட்டுச் சிவில் சட்டத்திலை 9ஆவது பிரிவு தனிமனிசற்றை அந்தரங்கத்தைக் காக்கிற சட்டம், ஒருத்தற்றை முகத்தை அவற்றை சம்மதம் இல்லாமல் எடுத்துப் போட்டால் வழக்குக்குப் போகலாம். வர்தாவாலை ஏன் அந்தக் கடையளுக்குள்ளை நிக்க முடிஞ்சது எண்டால், இருபது வருசத்துக்கு மேலை அவா அந்தக் கடையளிலைதான் பாண் வாங்கினவா, இறைச்சி வாங்கினவா. முதல் வாடிக்கைக்காரி, பிறகுதான் படம். நானும் முதல் மூண்டு கிழமை கமெராவை பாக்கிலையிருந்து வெளியிலை எடுக்கேல்லை. பெட்டி தூக்கினன், தேத்தண்ணி குடிச்சன், வேண்டாம் எண்டு சொன்ன ஒரு அண்ணையை ஒரு ஃப்ரேமிலையும் விடேல்லை. அக்காவின்ரை தம்பி கதையையும் அவாவே "இதை வை" எண்டு சொன்ன பிறகுதான் வைச்சனான். எங்கட பிள்ளையளுக்கு இந்தப் பழக்கத்தைச் சொல்லிக் குடுக்கிறது உங்கட விழாவாலை ஏலும், லைற்றிங் வேர்க்‌ஷொப் வைக்கிறியள்தானே, அதோடை இதையும் சேருங்கோ.

நான் கேக்கிறது பெரிசா ஒண்டும் இல்லை. அடுத்த விழாவிலை கதை இல்லாத படத்துக்கு ஒரு மணித்தியாலம் ஒதுக்குங்கோ. பரிசு வேண்டாம், கேடயம் வேண்டாம், இருட்டு மண்டபமும் நல்ல ஸ்பீக்கரும் காணும். விண்ணப்பத்திலை "கதைச் சுருக்கம்" எண்டு கேக்கிற இடத்திலை "எந்த ரோடு?" எண்டு கேளுங்கோ. ஒவ்வொரு பிள்ளைக்கும் ஒரு ரோட்டிலை நூறு மீற்றர் குடுத்து, அதுக்குள்ளை மட்டும் எடு எண்டு சொல்லிப் பாருங்கோ, லா கூர்னேவ், பொபினி, சார்செல், எங்கை இருக்கினமோ அங்கை. தகப்பன் தாய் கடை வைச்சிருந்தால் அந்தக் கடையிலையே துவங்கட்டும். எடுத்த முழு ரஷ்ஸையும், எடிட் பண்ண முதல் இருக்கிற காட்சியளை, ஒரு இடத்திலை சேத்து வையுங்கோ, வெட்டினதையும் சேத்து. ஹார்ட் டிஸ்க் நான் வாங்கித் தாறன். நடுவருக்கு ஆள் தேடேக்கை ஒரு கடைக்கார அக்காவையும் இருத்துங்கோ, எந்த ஷொட் பொய், எந்த ஷொட் உண்மை எண்டு அவா ஒரு செக்கனிலை சொல்லுவா.

முடிஞ்சால் விழாவுக்கு முதல் ஒரு நாள் எல்லாரும் சேந்து தாகேர் வீதிக்குப் போவம். லா கூர்னேவ்விலை RER B ரெயின் ஏறினால் கார் து நோரைத் தாண்டி நேரை தென்ஃபேர்-ரோஷ்ரோவிலை இறங்கலாம், மாறத் தேவையில்லை, ஒரே ரெயின். இறங்கி ரெண்டு நிமிச நடை. அவா எடுத்த கடையள் இப்ப அந்த மாதிரி இல்லை, ஆனா ரோடு அதே ரோடு, கேபிள் எவ்வளவு தூரம் எட்டியிருக்கும் எண்டு நடந்து பாக்கலாம், நான் ரெண்டு தரம் அடி எண்ணிப் பாத்திருக்கிறன். அங்கையிருந்து மொன்பர்நாஸ் மயானம் கிட்ட, புருசனோடை அங்கைதான் இருக்கிறா, சனம் பூவோடை உருளைக்கிழங்கும் வைச்சிட்டுப் போகுது.

அதுக்கு முதல், வாற வியாழக்கிழமை காலமை ஏழரைக்கு நான் லா சப்பல் மெத்ரோவடியிலை நிப்பன். அக்கா எட்டு மணிக்கு ஷட்டர் தூக்குவா, அவாவிட்டைக் கேட்டிட்டன், நாலு பேர் மட்டும் வரலாம் எண்டவா. நடுவராய் இருந்தவையிலை ஒராளாவது வாங்கோ. கமெரா தேவையில்லை, ஃபோன் காணும். எக்ஸ்டென்ஷன் வயர் என்னட்டை இருக்கு, 50 மீற்றர், கொண்டு வாறன்.

அன்போடை,
உங்கட வீடியோக்காரன்